தம்பிக்குப் பதினோரு வயது

அன்புள்ள அக்கா,

சுங்கை சிப்புட்டிலிருந்து எழுதுகிறேன். ஈப்போவில் ஒரு தொழிற்சாலையில் ஷிப்ட் வேலை. ஆறு மாதமாக மனநல ஆலோசகர் ஒருவரிடம் போகிறேன். போன மாதம் கோயில் திருவிழாவில் அவரைப் பார்த்தேன். அவருடைய அம்மாவும் என் பெரியம்மாவும் ஒரே தோட்டத்தில் ரப்பர் பால் வெட்டியவர்களாம். அவர் என்னைக் கண்டும் காணாததுபோல் போய்விட்டார். அன்றிலிருந்து மனசு சரியில்லை. நான் சொன்னதெல்லாம் ஊருக்குள் போய்விடுமோ? இப்படித் தெரிந்த குடும்பத்தாருக்கு ஆலோசனை சொல்வது தொழில் நெறிதானா? வேறு யாரையாவது பார்க்கட்டுமா? வீட்டில் யாரிடமும் பேச முடியாது. அம்மாவுக்கும் இரண்டு வருடமாக மனநல சிகிச்சை நடக்கிறது. டாக்டருக்குத் தமிழ் தெரியாது. தம்பிதான் கூடப் போய் மலாயில் எடுத்துச் சொல்கிறான். அவனுக்குப் பதினோரு வயது, ரொம்பக் கெட்டிக்காரன்.

(பெயர் வேண்டாம் அக்கா)

அன்புத் தங்கைக்கு,

நீ கேட்டதற்கு முதலில் பதில் சொல்லிவிடுகிறேன். அந்த ஆலோசகர் உன்னைக் கண்டும் காணாததுபோல் போனது அலட்சியம் இல்லை, அதுதான் நெறி. அவர் வந்து நலம் விசாரித்திருந்தால், 'இவரை உனக்கு எப்படித் தெரியும்?' என்று பெரியம்மா கேட்டிருப்பார். நீ என்ன சொல்லியிருப்பாய்? 'வெளியில் பார்த்தால் நானாகப் பேச மாட்டேன்' என்று அவர் முதல் நாளே உன்னிடம் சொல்லியிருக்க வேண்டும். சொல்லாதது குறைதான், அடுத்த முறை நேரிலேயே கேள். மலேசியாவின் 1998ஆம் ஆண்டு ஆலோசகர் சட்டப்படி, பதிவும் தொழில் நடத்தும் சான்றும் இல்லாத ஒருவர் தன்னை ஆலோசகர் என்று சொல்லிக்கொள்ளக் கூடாது. அவர் பதிவு பெற்றவரா என்று பார். பெற்றிருந்தால் அவரிடமே போ. அமெரிக்க உளவியல் சங்கத்தின் நெறிமுறைகள்கூட எல்லா இரட்டை உறவையும், அதாவது சிகிச்சைக்கு வெளியே இருக்கும் இன்னொரு உறவையும், தவறு என்று சொல்லவில்லை. நடுநிலையைக் கெடுக்கும், வந்தவருக்குத் தீங்கு செய்யும் என்று எதிர்பார்க்கக்கூடிய உறவைத்தான் தடுக்கின்றன. இரண்டு பேர் ஒரு காலத்தில் ஒரே தோட்டத்தில் பால் வெட்டியது அதில் சேராது. தோட்டப்புற ஊரில் யாருக்கும் யாரையும் தெரியாமல் இருக்க முடியுமா என்ன!

என் தூக்கத்தைக் கெடுத்தது உன் கடைசி வரிகள். ஆலோசகரைப் பற்றி இத்தனை கேள்வி கேட்டவள், தம்பியைப் பற்றி ஒரு கேள்விகூடக் கேட்கவில்லை. கெட்டிக்காரன் என்று பெருமைப்பட்டுவிட்டு நிறுத்திக்கொண்டாய். கிளினிக்கில் மருந்துக்குக் காத்திருக்கும் வரிசையில், பள்ளிச் சீருடையோடு அம்மாவின் அட்டையைப் பிடித்துக்கொண்டு நிற்கும் பிள்ளைகளைப் பார்க்கும்போதெல்லாம் இதை எழுத வேண்டும் என்று இருந்தேன். நீ எழுத வைத்துவிட்டாய்.

நீ பயப்படுகிற அந்த இரட்டை உறவு உன் ஆலோசகரிடம் இல்லை. உன் அம்மாவின் சிகிச்சை அறையில் இருக்கிறது. மகன் அங்கே அம்மாவின் வாயாகவும் டாக்டரின் காதாகவும் உட்கார்ந்திருக்கிறான். 'உயிரோடு இருக்கப் பிடிக்கவில்லை' என்று அவன் எதிரில் அம்மா எப்படிச் சொல்வாள்? அவன் அப்பாவைப் பற்றி ஒரு வார்த்தை சொல்வாளா? சில மனநோய் மருந்துகளால் மாதவிலக்கு நின்றுபோவதுண்டு. அதை மகனிடம் சொல்லி, டாக்டரிடம் சொல்லச் சொல்கிற தாய் நம் ஊரில் யார்? அம்மா விழுங்கிவிடுவாள். டாக்டர் 'பிரச்சினை இல்லை' என்று எழுதி அதே மாத்திரையைத் தொடர்வார். உன் அம்மாவுக்கும் கொஞ்சம் மலாய் வரும்தானே? சந்தையில் மீன் விலை பேசவும் பஸ்ஸில் இடம் கேட்கவும் அது போதும். இரவு மூன்று மணிக்கு விழித்துக்கொண்டு ஏன் அழுகிறாள் என்று சொல்லப் போதாது.

இது எனக்கு நடந்தது. எண்பதுகளில், நான் ஆறாம் ஆண்டு படித்துக்கொண்டிருந்தேன். எங்கள் லயத்தில், அதாவது தோட்டத் தொழிலாளர்களின் வரிசை வீடுகளில், ஒரு சின்னம்மா. சொந்தமில்லை, லயத்தில் அப்படித்தான் கூப்பிடுவோம். வாரக்கணக்கில் பெரட்டுக்கு, அதாவது காலையில் வேலைக்குப் பெயர் கொடுக்க, போகாமல் சுவரைப் பார்த்துப் படுத்திருந்தார். தோட்டத்து மருந்தகத்தைப் பார்த்துக்கொண்ட டிரெசர் சீட்டு எழுதிப் பெரிய ஆஸ்பத்திரிக்கு அனுப்பினார். மலாயில் நல்ல மார்க் வாங்குகிறவள் என்று என்னையும் லோரியில் ஏற்றிவிட்டார்கள். வழியெல்லாம் அவர் கணவர் எனக்குப் பாடம் நடத்தினார்: 'அவ சாகப் போறேன் அது இதுன்னு சொன்னா, அத நீ சொல்லிராத புள்ள. போலீஸ் புடிச்சிக்கிட்டுப் போயிரும்.' தற்கொலைக்கு முயன்றவர்களை ஓராண்டு வரை சிறையில் போடக்கூடிய தண்டனைச் சட்டத்தின் 309ஆவது பிரிவு இந்த நாட்டில் 2023 செப்டம்பர் 11 வரை இருந்தது. முயன்றால்தான் குற்றம், வாயால் சொன்னால் இல்லை. ஆனால் அந்த வித்தியாசத்தை எங்கள் லயத்தில் யார் எடுத்துச் சொன்னார்கள்?

டாக்டர் நல்ல மனுஷர். பொறுமையாகக் கேட்டார். கடைசியில், வீட்டில் யாராவது அடிக்கிறார்களா என்று கேட்கச் சொன்னார். கேட்டேன். கணவர் என் முதுகுக்குப் பின்னால் நின்றுகொண்டிருந்தார். சின்னம்மா என்னைப் பார்க்கவில்லை, என் தலைக்கு மேலே பார்த்து 'இல்ல' என்றார். 'திடாக்' என்று நான் டாக்டரிடம் சொன்னேன். லயத்து வீடுகளுக்கு நடுவில் இருந்தது வெறும் பலகைதான். அந்த வீட்டில் ராத்திரி என்ன நடக்கிறது என்று எனக்கு நன்றாகத் தெரியும். திரும்பும் வழியில் அந்தக் கணவர் எனக்கு ரொட்டி சானாய் வாங்கிக் கொடுத்து, 'நல்லா பேசுன' என்றார். மறுநாள் குழாயடியில் பெண்கள் என்னைச் சுற்றிக்கொண்டு டாக்டர் என்ன கேட்டார் என்று நச்சரித்தார்கள். அதன்பிறகு சின்னம்மா என்னை வீட்டுக்குள் கூப்பிடவே இல்லை. என் முகத்தைப் பார்த்தால் அந்த அறை ஞாபகம் வந்திருக்கும்.

ஒரு சின்னப் பெண்ணை அந்த அறையில் நிறுத்திவைத்த பெரியவர்கள்மீது எனக்கு இன்றும் கோபம் தீரவில்லை. கணவரை வெளியே அனுப்பிவிட்டு, தமிழ் தெரிந்த ஒரு நர்ஸைத் தேடிக் கூப்பிட்டிருக்கலாம். அந்தக் கட்டடத்தில் ஒருவர்கூடவா இல்லை?

நீ சொன்ன தொழில் நெறியில் இதற்கும் இடம் இருக்கிறது. அதே அமெரிக்க உளவியல் சங்கத்தின் நெறிமுறைகளில் 2.05ஆவது விதி மொழிபெயர்ப்பாளரைப் பெயர் சொல்லியே குறிப்பிடுகிறது. நடுநிலை கெட்டுப்போகும் அளவுக்கு நோயாளியோடு வேறு உறவு உள்ளவரிடம் அந்த வேலையை ஒப்படைக்கக் கூடாது. அமெரிக்க அரசின் 2016 சுகாதார விதி, பாதுகாப்புக்கோ நலனுக்கோ உடனடி ஆபத்து உள்ள அவசரம் தவிர மற்ற நேரத்தில் சிறு பிள்ளைகளை மொழிபெயர்க்கவைக்கவே கூடாது என்றது. 'அது பணக்கார நாடு' என்று யாராவது சொல்வார்கள். மலேசிய ஆஸ்பத்திரியில் தமிழ் பேசும் ஊழியரைத் தேட என்ன பணம் வேண்டியிருக்கிறது?

தம்பியையும் நினைத்துப் பார். பேராக்கில் பிறந்த உனக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. 1911இல் தொடங்கிய தஞ்சோங் ரம்புத்தான் மனநல மருத்துவமனையின் பெயரைச் சொல்லித்தான் நம் பிள்ளைகள் இன்னும் ஒருவரையொருவர் கேலி செய்கிறார்கள். உன் தம்பி அதைக் கேட்டுக்கொண்டு வகுப்பில் வாயை மூடி உட்கார்ந்திருக்கிறான். உனக்கு ஆலோசகர் இருக்கிறார். அவனுக்கு யார்?

அப்பாயின்மெண்ட் அட்டையில் உள்ள எண்ணுக்கு இந்த வாரமே போன் செய். தமிழ் பேசும் டாக்டரோ நர்ஸோ வேண்டும் என்று கேள். நம் ஊர்க்காரராக இல்லாவிட்டால் இன்னும் நல்லது. அன்று யாரும் இல்லை என்றால், வேறு பிரிவிலிருந்தோ வேறு மருத்துவமனையிலிருந்தோ போனில் மொழிபெயர்க்கச் சொல். அதுவும் முடியாது என்றால் மருத்துவமனை இயக்குநருக்குக் கடிதம் எழுதி ஒரு நகலை வைத்துக்கொள். லீவு போட்டு நானே போகிறேன் என்று கிளம்பாதே. தம்பிக்கு நீ மேல், அவ்வளவுதான். நீயும் மகள். அம்மா சம்மதித்தால் கடைசி ஐந்து நிமிடம் உள்ளே போய், மருந்து விவரம் மட்டும் கேட்டுக்கொள். இடையில் அம்மா சாவைப் பற்றிப் பேசினால் அடுத்த அப்பாயின்மெண்ட் வரை காத்திருக்காதே. 15555 என்ற சுகாதார அமைச்சின் மனநல உதவி எண்ணுக்கு அழை, இல்லையென்றால் நேராக அவசரப் பிரிவுக்குக் கூட்டிப் போ.

தம்பியிடம் இனி அவன் வர வேண்டாம் என்று சொல். ஏன் என்று கேட்பான். அவன் மலாயில் ஒரு குறையும் இல்லை, இது பெரியவர்கள் செய்ய வேண்டிய வேலை என்று சொல். இதுவரை அந்த அறையில் கேட்டதையெல்லாம் பேச அவனுக்கு ஒருவர் வேண்டும். பள்ளி ஆலோசக ஆசிரியரைத் தனியாகப் பார்த்துப் பேசு.

அம்மாவுக்கு என் அன்பு.