கேம் எங்கே கிடக்கிறது? போர்மட் அடிக்கும் முன் தேட வேண்டிய இரண்டு இடங்கள்

களுவாஞ்சிகுடியிலிருந்து ஒரு வாசகி கேட்டிருக்கிறார். வீட்டில் ஒரு கொம்பியூட்டர். 240 ஜிபி எஸ்எஸ்டியில் விண்டோஸ் இருக்கிறது, அது சி டிரைவ். கூடவே 1 டிபி ஹார்ட் டிஸ்க் ஒன்று, அது டி டிரைவ். சி நிரம்பிச் சிவப்புக் கோடு காட்டுகிறது, மெஷின் ஆமை வேகத்தில் நகர்கிறது. கடையில் காட்டினால் "போர்மட் அடித்து விண்டோஸைப் புதிதாகப் போட்டால் சரி" என்கிறார்கள். ஆனால் போர்மட் அடித்தால் உள்ளே உள்ளது அழிந்துவிடும், இருப்பதெல்லாம் தம்பியின் கேம்கள். தம்பியோ படிப்புக்காகக் கொழும்பில். போனில் கேட்டால், "எல்லாம் டீயிலதான் கிடக்கு அக்கா, ஒண்டிலயும் கை வெச்சிராதீங்க" என்கிறாராம். (பக்கத்தில் நின்ற அம்மா, தேத்தண்ணியைப் பற்றித்தான் பேச்சு என்று நினைத்துவிட்டாராம்.) வாசகி டி டிரைவைத் திறந்து பார்த்தால் கேம் மாதிரி எதுவும் கண்ணில் படவில்லை. கேம்கள் உண்மையில் எங்கே இருக்கின்றன, எதைக் கொப்பி எடுத்து வைத்தால் தம்பியிடம் ஏச்சு வாங்காமல் தப்பலாம் என்பதுதான் கேள்வி.

தம்பி சொன்னது பாதிதான் சரியாக இருக்கும். ஏனென்றால் ஒரு கேம் கொம்பியூட்டரில் ஒரே இடத்தில் இருப்பதில்லை. இன்ஸ்டோல் செய்த கேம் ஓர் இடத்தில் கிடக்கும். அதை விளையாடி முன்னேறிய கணக்கு, அதாவது சேவ் பைல், பெரும்பாலும் வேறோர் இடத்தில் கிடக்கும். முதலாவது பல ஜிபி. இரண்டாவது சில நேரம் ஒரு போட்டோ அளவுகூட வராது. ஆனால் முதலாவது போனால் டேட்டாவைச் செலவழித்துத் திரும்ப எடுக்கலாம், இரண்டாவது போனால் போனதுதான். நம் பக்கம் வெள்ளம் ஏறும்போது அலுமாரியையா தூக்கிக்கொண்டு ஓடுகிறோம்? காணி உறுதி இருக்கும் பைலைத்தானே முதலில் எடுக்கிறோம். கேம் விஷயத்தில் மட்டும் முக்கால்வாசிப் பேர் அலுமாரியைத் தூக்கிவிட்டு உறுதியை விட்டுவிடுகிறார்கள்.

முதலில் அலுமாரியைக் கண்டுபிடிப்போம்.

எந்தக் கேமாக இருந்தாலும் செல்லும் ஒரு வழி இருக்கிறது. கேமைத் திறந்து ஓட விடுங்கள். மெனு வந்ததும் கன்ட்ரோல், ஷிஃப்ட், எஸ்கேப் மூன்றையும் சேர்த்து அழுத்தினால் டாஸ்க் மனேஜர் வரும். அது கேமுக்குப் பின்னால் மறைந்து நின்றால் ஓல்ட், டேப் இரண்டையும் அழுத்தி முன்னால் கொண்டுவரலாம். பட்டியலில் கேமின் பெயர்மேல் ரைட் கிளிக் செய்து 'ஓபன் பைல் லொக்கேஷன்' கொடுத்தால், அது ஓடிக்கொண்டிருக்கும் போல்டர் அப்படியே திறக்கும். மேலே உள்ள முகவரிப் பட்டையில் சி என்று தொடங்குகிறதா டி என்று தொடங்குகிறதா என்று பார்த்தாலே தம்பியின் வாக்குமூலம் எவ்வளவு தூரம் உண்மை என்று தெரிந்துவிடும்.

டெஸ்க்டொப்பில் உள்ள ஐகனை ரைட் கிளிக் செய்தாலும் இதே 'ஓபன் பைல் லொக்கேஷன்' வரும் என்று பலரும் சொல்வார்கள். பழைய கேம்களுக்கு வரும். ஆனால் கேம்களை வாங்கி இறக்கித் தரும் ஸ்டீம் என்ற ஆப் போட்டுத் தரும் ஐகன் கேமைக் காட்டும் ஷோர்ட்கட் அல்ல. 'இந்த எண்ணுள்ள கேமைத் திற' என்று ஸ்டீமுக்குச் சொல்லும் ஒரு இணைய முகவரி மட்டுமே. அதை வைத்துக் கேமின் போல்டரைப் பிடிக்க முடியாது. ஐகனைக் கொப்பி எடுத்து பென்டிரைவில் போட்டுவிட்டு "கேமை எடுத்துட்டேன்" என்று நிம்மதியாக இருந்தவர்களையும் பார்த்திருக்கிறேன். அந்த பென்டிரைவில் இருந்தது ஒன்றிரண்டு கேபிதான்.

உங்கள் தம்பி ஸ்டீம் பாவிப்பவராக இருந்தால் வேலை சுலபம். ஸ்டீமில் லைப்ரரிக்குப் போய், கேமின் பெயரை ரைட் கிளிக் செய்து, 'மனேஜ்' என்பதற்குள் 'புரவுஸ் லோக்கல் பைல்ஸ்' கொடுங்கள். சி-யில் இருந்தால் புரோகிராம் பைல்ஸ் எக்ஸ்86, அதற்குள் ஸ்டீம், அதற்குள் ஸ்டீம்ஆப்ஸ், அதற்குள் கொமன் என்ற போல்டரில் கேம்கள் வரிசையாக இருக்கும். டி-யில் போட்டிருந்தால் அங்கே ஸ்டீம்லைப்ரரி என்று ஒரு போல்டர் இருக்கும். அதற்குள்ளும் இதே ஸ்டீம்ஆப்ஸ், கொமன் என்றுதான் போகும். கேம்களின் பெயர் மூன்று படி உள்ளே இருப்பதால், டி-யை மேலோட்டமாகத் திறந்தபோது உங்களுக்கு ஒன்றும் தெரியாமல் போயிருக்கலாம்.

ஸ்டீமின் செட்டிங்ஸில் 'ஸ்டோரேஜ்' என்ற பகுதியையும் பாருங்கள். எந்த டிரைவில் எந்தக் கேம், ஒவ்வொன்றும் எத்தனை ஜிபி என்று காட்டும். சி-யில் இருப்பதைத் தெரிவு செய்து 'மூவ்' கொடுத்தால் டி-க்கு ஸ்டீமே மாற்றித் தரும். போல்டரை நீங்களாகக் கட் செய்து டி-யில் ஒட்டாதீர்கள். ஒட்டினால் ஸ்டீம் பழைய இடத்திலேயே தேடி, கேம் இல்லை என்று சொல்லிவிடும். உண்மையைச் சொன்னால், சி சிவப்பாக இருப்பது மட்டும்தான் பிரச்சினை என்றால் இந்த 'மூவ்' ஒன்றே போதும். போர்மட்டே தேவைப்படாமல் போகலாம். ஜிடிஏ ஐந்து என்ற கேம் மட்டுமே 100 ஜிபியைத் தாண்டும். 240 ஜிபி எஸ்எஸ்டியில் அது குந்திக்கொண்டிருந்தால் விண்டோஸ் மூச்சு விடுவது எப்படி?

ஸ்டீம் தவிர்ந்த மற்றவை இருக்கும் இடங்களையும் சொல்லிவிடுகிறேன். எபிக் கேம்ஸ் என்றால் புரோகிராம் பைல்ஸுக்குள் அதே பெயரில் ஒரு போல்டர். வெலோரண்ட் போன்ற ரயட் கேம்கள் சி-யைத் திறந்ததுமே தெரியும் ரயட் கேம்ஸ் போல்டரில். ஈஏ கேம்கள் புரோகிராம் பைல்ஸுக்குள் ஈஏ கேம்ஸ் என்பதில். யூபிசொஃப்ட் கேம்கள் புரோகிராம் பைல்ஸ் எக்ஸ்86-க்குள் அதன் பெயரிலேயே. இவை எல்லாம் யாரும் மாற்றாவிட்டால் போய் விழும் இடங்கள். இன்ஸ்டோல் செய்யும்போது டி-யைத் தெரிவு செய்திருந்தால் டி-யில் இருக்கும். எக்ஸ்பொக்ஸ் ஆப்பில் எடுத்தவை எக்ஸ்பொக்ஸ்கேம்ஸ் என்ற போல்டரில் இருக்கும். சில, புரோகிராம் பைல்ஸுக்குள் மறைந்திருக்கும் விண்டோஸ்ஆப்ஸ் என்பதில் இருக்கும். அதைத் திறக்கப் போனால் அனுமதி இல்லை என்று விண்டோஸ் மறிக்கும். மல்லுக்கட்ட வேண்டாம், அந்தக் கேம்களைப் பிறகு திரும்ப டவுன்லோட் செய்துகொள்ளலாம்.

இனி உறுதிப் பைல்.

கல்லடியில் எங்கள் வீட்டு முன்னறையில்தான் எனக்கு ரிப்பேர் வேலை. சில வருடங்களுக்கு முன் நாவலடிப் பக்கமிருந்து ஒருவர் மகனின் மெஷினைக் கொண்டுவந்தார். வைரஸ், போர்மட் அடிக்க வேண்டும். எதை எடுத்து வைக்க என்று கேட்டேன். "போட்டோ, டொக்குமெண்ட்ஸ், அவன்ட கேம் ஒண்டு" என்றார். டெஸ்க்டொப், டொக்குமெண்ட்ஸ், பிக்சர்ஸ் மூன்றையும் எடுத்தேன். மைன்கிராஃப்ட் இருந்தது, புரோகிராம் பைல்ஸில் கண்ட அதன் போல்டரையும் எடுத்தேன். எல்லாம் சரி என்று போர்மட் அடித்துக் கொடுத்துவிட்டேன். இரண்டாம் நாள் பொடியன் தனியாகச் சைக்கிளில் வந்து வாசலில் நிற்கிறான். "அங்கிள், பாலம் எங்க?" 1924இல் கட்டிய பழைய கல்லடிப் பாலத்தை மைன்கிராஃப்டுக்குள் கட்டியிருக்கிறான். பாலத்துக்கே போய் நின்று இரும்புச் சட்டங்களை எண்ணிக் கொப்பியில் எழுதிக்கொண்டு வந்து, மாதக்கணக்காக ஒவ்வொரு கட்டியாக அடுக்கியது. நான் எடுத்து வைத்தது வெறும் கேமை. பாலம் இருந்தது ஆப்டேட்டா என்ற மறைவான போல்டரில். அவனுக்குச் சொல்ல என்னிடம் பதில் இருக்கவில்லை.

அன்றிலிருந்து நான் முதலில் திறப்பது ஆப்டேட்டாவைத்தான். சாதாரணமாகப் பார்த்தால் அது தெரியாது. விண்டோஸ் விசையையும் ஆர் எழுத்தையும் சேர்த்து அழுத்துங்கள், ஒரு சின்னப் பெட்டி வரும். அதில் ஆப்டேட்டா என்று ஆங்கிலத்தில் இடைவெளி இல்லாமல் அடித்து, முன்னும் பின்னும் ஒவ்வொரு சதவீதக் குறி போட்டு என்டர் கொடுங்கள். ரோமிங் என்ற போல்டர் திறக்கும். மைன்கிராஃப்டின் ஜாவா பதிப்பு என்றால் அங்கே முன்னால் புள்ளி வைத்து மைன்கிராஃப்ட் என்று ஒரு போல்டர் இருக்கும். அதற்குள் இருக்கும் 'சேவ்ஸ்' போல்டரில்தான் கட்டிய உலகங்கள் எல்லாம் இருக்கின்றன. ரோமிங்கிலிருந்து ஒரு படி மேலே வந்தால் லோக்கல், லோக்கல்லோ என்று இன்னும் இரண்டு போல்டர்கள். புதிய கேம்கள் பலவும் சேவ் பைலை இந்த இரண்டில் ஒன்றில்தான் ஒளித்து வைக்கும், பெரும்பாலும் கேமைத் தயாரித்த நிறுவனத்தின் பெயரிலோ கேமின் பெயரிலோ. எது எது என்று ஆராய்ந்து கொண்டிருக்க நேரமில்லை என்றால், இடம் இருக்கும்வரை ஆப்டேட்டா முழுவதையும் அள்ளிக்கொள்ளுங்கள். நான் அப்படித்தான் செய்கிறேன். கொப்பி ஆகும்போது பாவனையில் உள்ள சில பைல்களை எடுக்க முடியாது என்று விண்டோஸ் சொல்லும், 'ஸ்கிப்' கொடுத்துவிட்டுப் போகலாம்.

அடுத்து டொக்குமெண்ட்ஸ். ஜிடிஏ சான் அன்ட்ரியாஸ் இன்னும் நம் பக்கம் ஓடாத வீடு குறைவு. அதன் சேவ் இங்கே, கேமின் பெயரோடு யூசர் பைல்ஸ் என்று முடியும் போல்டரில் இருக்கிறது. ஒரு சேவ் ஏறக்குறைய 200 கேபிதான். ஜிடிஏ ஐந்து என்றால் டொக்குமெண்ட்ஸுக்குள் ரொக்ஸ்டார் கேம்ஸ் என்பதில். 'மை கேம்ஸ்' என்று ஒரு போல்டர் இருந்தால் அதையும் எடுங்கள். பயனர் பெயருள்ள போல்டருக்குள் 'சேவ்ட் கேம்ஸ்' என்று ஒன்றை விண்டோஸே வைத்திருக்கிறது, சில கேம்கள்தான் அதை மதிக்கின்றன. டொக்குமெண்ட்ஸில் ஒன்றுமே இல்லையென்றால் பதற வேண்டாம். பைல்களை இணையத்தில் சேமிக்கும் ஒன்டிரைவ் இயங்கும் மெஷின்களில் டொக்குமெண்ட்ஸ் சத்தமில்லாமல் ஒன்டிரைவ் போல்டருக்குள் இடம்மாறியிருக்கும், அங்கே பாருங்கள்.

மிகப் பழைய கேம்களில் இன்னொரு வில்லங்கம். அவை சேவ் பைலைத் தங்கள் சொந்தப் போல்டருக்குள்ளேயே எழுதப் பார்க்கும். 2007இல் வந்த விஸ்டா முதல், புரோகிராம் பைல்ஸுக்குள் அப்படி எழுத விண்டோஸ் விடுவதில்லை. ஆனால் கேமுக்கு இல்லை என்று சொல்லாமல், எழுதியது போலக் காட்டிவிட்டு ஆப்டேட்டாவின் லோக்கலுக்குள் வேர்ச்சுவல்ஸ்டோர் என்ற போல்டருக்குத் திருப்பிவிடும். "கேமுக்குள்ள சேவ் தெரியுது, போல்டருக்குள்ள காணோம்" என்று வருபவர்களுக்கு நான் முதலில் காட்டுவது இந்த இடத்தைத்தான்.

ஸ்டீமில் கேமின் பக்கத்தில் மேகக் குறி இருந்தால் சேவ் இணையத்திலும் இருக்கிறது என்று அர்த்தம். எல்லாக் கேமுக்கும் அந்த வசதி கிடையாது, தம்பி அதை நிறுத்தியும் வைத்திருக்கலாம். அதை நம்பி இருக்காமல் கையிலும் ஒரு கொப்பி வைத்துக்கொள்ளுங்கள்.

டி-யில் உள்ள பெரிய கேம்கள், டி-யைத் தொடாத வரை போர்மட்டுக்குப் பிறகும் அப்படியே கிடக்கும். புது விண்டோஸில் ஸ்டீமைப் போட்டு, ஸ்டோரேஜ் பகுதியில் 'ஆட் டிரைவ்' கொடுத்து டி-யைக் காட்டினால் எல்லாவற்றையும் அடையாளம் கண்டுகொள்ளும். எபிக்குக்கு அந்தப் புத்தி இல்லை. கேமின் போல்டருக்கு முதலில் வேறு பெயர் வையுங்கள். எபிக்கில் அதே இடத்தில் இன்ஸ்டோல் தொடங்கி, கொஞ்சம் இறங்கியதும் நிறுத்துங்கள். எபிக் புதிதாகத் திறந்த போல்டருக்குள் பழைய போல்டரில் உள்ளவற்றைக் கொப்பி செய்துவிட்டு 'ரிசியூம்' கொடுங்கள். இருப்பதைச் சரிபார்த்துவிட்டு, இல்லாததை மட்டும் இறக்கும். ரவுட்டர் டேட்டாவை எண்ணி எண்ணிப் பாவிக்கும் வீடுகளில் இந்த வித்தை பெரிய உதவி. டிவிடியிலோ நண்பர்களிடமோ வாங்கிப் போட்ட கேம்கள் போல்டர் இருந்தாலும் ஓடும் என்று சொல்ல முடியாது. சில ஓடும், சில விண்டோஸின் பதிவேடான ரெஜிஸ்ட்ரியில் தங்கள் பெயர் இல்லை என்று அடம்பிடிக்கும், அவற்றைத் திரும்ப இன்ஸ்டோல் செய்யத்தான் வேண்டும்.

பென்டிரைவ் பற்றி ஒன்று. நிறைய இடமிருந்தும் "பைல் பெரிது" என்று மறுத்தால், அது ஃபெட்32 முறையில் இருக்கிறது. அந்த முறையில் 4 ஜிபிக்கு மேற்பட்ட தனிப் பைல் ஒன்றை வைக்க முடியாது. எக்ஸ்ஃபெட் முறைக்கு மாற்றிவிட்டால் ஏற்றுக்கொள்ளும், ஆனால் மாற்றும்போது உள்ளே இருப்பது அழியும் என்பதால் வெறும் பென்டிரைவில் செய்யுங்கள்.

கடைக்குக் கொண்டுபோகும் முன், எடுத்த சேவ்களை வேறொரு கொம்பியூட்டரில் செருகித் திறந்து பாருங்கள். வெறும் ஷோர்ட்கட் இல்லை என்று உறுதியானதும், தம்பிக்கு வீடியோ கோல் எடுத்துப் போல்டர் பெயர்களைக் காட்டி ஒரு சம்மதம் வாங்கிக்கொள்ளுங்கள். கடையில் "சி-யை மட்டும்" என்று சொல்வதோடு விட வேண்டாம். போர்மட் தொடங்கும் முன் ஹார்ட் டிஸ்கின் கேபிளைக் கழற்றி வைக்கச் சொல்லுங்கள். விண்டோஸ் இன்ஸ்டோல் திரையில் டிரைவ்கள் சி, டி என்று வராது. டிஸ்க் பூச்சியம், டிஸ்க் ஒன்று என்றுதான் வரும், அவசரத்தில் கை மாறிவிடும்.