கேளுங்க அண்ணாச்சி: சீனத்து டவுனும் நம்ம பேரூராட்சியும்

கல்லிடைக்குறிச்சி வாசகர்: அண்ணாச்சி, என் மகன் கம்பெனி வேலையாக சீனாவில் டோங்குவான் போயிருக்கிறான். தங்கியிருப்பது ஹூமன் டவுன் என்கிறான். நானும் நம்ம பேரூராட்சி மாதிரி ஒன்று என்று நினைத்தேன். வீடியோ காலில் பார்த்தால் வானத்தை முட்டுகிற கட்டடமாக இருக்கிறதே, இதென்ன டவுன்?

பதில்: உங்கள் பையன் போய்ச் சேர்ந்த இடம் அப்படி. அதை வைத்து மற்ற டவுன்களை எடைபோட வேண்டாம். 2020 கணக்கெடுப்பில் ஹூமனில் 8 லட்சத்துக்கு மேல் சனம். நம்ம திருநெல்வேலி மாநகராட்சிக்கே 2011 கணக்கில் 5 லட்சம் தேறவில்லை. 1839-இல் லின் செசூ என்ற அதிகாரி, ஆங்கிலேய வியாபாரிகளிடம் பறிமுதல் செய்த அபினை அழித்தது இந்த ஹூமனில்தான், அதையொட்டித்தான் அபினிப் போரே மூண்டது. இப்போது ஜவுளி, ரெடிமேட், அதிவேக ரயில் என்று ஊதிப்போய் நிற்கிறது, ஆனால் அரசாங்க ஏட்டில் இன்னமும் டவுன்தான்.

வழக்கமாக மாகாணம், அதற்குக் கீழே பெருநகரம், அப்புறம் கவுண்டி (நம்ம தாலுகா மாதிரி ஒரு படி), அதற்கும் கீழேதான் டவுன். டவுனை அவர்கள் ஜென் என்பார்கள். அதே படியில் கிராமப்பக்கம் ஷியாங் என்று ஒன்று உண்டு, பெருநகரத்துக்குள்ளே தெரு அலுவலகம் என்று ஒன்று உண்டு. தெரு அலுவலகத்துக்குத் தனி மக்கள் மன்றம் கிடையாது, மேலே இருக்கிற நகர அரசின் கிளை மாதிரி. டோங்குவானில் நடுவே கவுண்டி என்ற படியே இல்லை. 28 டவுன்களையும் 4 தெரு அலுவலகங்களையும் மாநகரமே நேரடியாக மேய்க்கிறது.

வள்ளியூர் வாசகி: எந்தக் கணக்கில் ஓர் ஊரை டவுன் என்று அறிவிக்கிறார்கள்? அங்கேயும் டவுன் ஆனால் நூறு நாள் வேலை போய்விடும் என்று சனங்கள் பயப்படுவார்களா?

பதில்: நல்ல கேள்வி அக்கா. கணக்கு காலத்துக்குக் காலம் மாறியிருக்கிறது. 1955-இல் 2,000 பேருக்கு மேல் நிலையாகக் குடியிருக்க வேண்டும், அதில் பாதிப்பேராவது விவசாயம் அல்லாத பிழைப்பில் இருக்க வேண்டும் என்றார்கள். 1963-இல் பிடியை இறுக்கினார்கள், 3,000 பேர், அதில் நூற்றுக்கு 70 பேர் விவசாயம் சாராதவர்கள் என்று. பெரும்பஞ்சம் முடிந்த கையோடு வந்த விதி அது; ரேஷன் தானியம் வாங்கித் தின்கிற டவுன்காரர் எண்ணிக்கை கூடினால் அரசால் தாங்க முடியாது என்ற பயம். பல டவுன்கள் பட்டியலிலிருந்தே கழன்றுபோயின.

1984-இல் எல்லாம் தலைகீழ். மக்கள் கம்யூன்கள் என்ற கூட்டுப் பண்ணை அமைப்புகளைக் கலைத்து ஷியாங் அரசுகளை அமைத்துக்கொண்டிருந்த நேரம். ஒரு ஷியாங்கின் மொத்த மக்கள்தொகை 20,000-க்குக் குறைவாக இருந்தால், அதன் தலைமையிடத்தில் விவசாயம் சாராதவர் 2,000-க்கு மேல் இருந்தாலே போதும், டவுன் ஆக்கலாம் என்றார்கள். முழு ஷியாங்கும் அப்படியே டவுன் ஆகிவிடும். கடைத்தெருவை மட்டும் வெட்டி எடுப்பதில்லை. சுற்றியுள்ள கிராமம், நெல் வயல், மீன் குளம், மலைச்சரிவு எல்லாம் உள்ளே. 1980-களின் தொடக்கத்தில் மூவாயிரத்தைக்கூடத் தொடாத டவுன்கள் இன்றைக்கு 21,000-க்கு மேல்!

பயம் பற்றிக் கேட்டீர்கள். நம்ம பக்கம் பஞ்சாயத்தைப் பேரூராட்சியோடு சேர்க்கப் போகிறார்கள் என்றதும் கலெக்டர் ஆபீஸில் மனுவோடு நிற்பதற்குக் காரணம், வேலைத்திட்டம் போகும், வீட்டுவரி ஏறும், பஞ்சாயத்துத் தலைவர் பதவியே இல்லாமல் போகும். அங்கே ஷியாங் டவுனாக மாறினால் கிராமம் கலைவதில்லை, கிராமக் குழு அதன் கீழே தொடர்கிறது, நிலமும் கிராமத்தின் கூட்டுச் சொத்தாகவே இருக்கிறது. டவுன் தெரு அலுவலகமாக மாறும்போதுதான் வயிற்றைக் கலக்கும், ஏனென்றால் அடுத்து நிலத்தைக் கையகப்படுத்த ஆள் வரும்.

முக்கூடல் வாசகர்: டவுனுக்குத் தலைவரை யார் தேர்ந்தெடுப்பது? கட்சிதானே?

பதில்: சட்டப்படி பார்த்தால் மக்கள் நேரடியாக டவுன் மக்கள் மன்றத்துக்கு ஓட்டுப்போட்டு உறுப்பினரை அனுப்புகிறார்கள், 5 ஆண்டுப் பதவி, அந்த உறுப்பினர்கள் டவுன் தலைவரைத் தேர்ந்தெடுக்கிறார்கள். நம்ம வார்டு கவுன்சிலர்கள் பேரூராட்சித் தலைவரைத் தேர்ந்தெடுப்பது போலத்தான் ஏட்டில் இருக்கும். ஆனால் பெயர் மேலிருந்து வருகிறது, பெரும்பாலும் ஒரே பெயர். அதுவும் போக, டவுனில் பெரிய ஆள் தலைவர் இல்லை, கட்சிச் செயலாளர். தலைவர் அவருக்கு அடுத்தபடி. நம்ம பேரூராட்சியில் தலைவருக்கும் செயல் அலுவலருக்கும் பில் பாஸ் பண்ணுவதில் இழுபறி வந்தால் ஊரே கூடி வேடிக்கை பார்க்கும், அங்கே அந்த இழுபறிக்கே இடமில்லை. இன்னொன்று, முதன்மைப் பதவியில் இருப்பவரை அவருடைய சொந்த ஊரில் வைக்கக்கூடாது என்று அரசு ஊழியர் சட்டமே சொல்கிறது. நம்ம ஊரில் வெளியூர்க்காரர் வார்டில் நின்றால் டெபாசிட் மிஞ்சுமா!

1998 டிசம்பரில் சிச்சுவான் மாகாணத்தில் புயூன் என்ற ஷியாங்கில் மக்களே நேரடியாகத் தலைவருக்கு ஓட்டுப்போட்டார்கள். பெரிய பேச்சானது. சட்டத்துக்குப் பொருந்தாது என்று மேலிடம் சொல்லிவிட்டது. நேரடித் தலைவர் தேர்தல் என்பது இன்றைக்கும் கிராமக் குழு அளவில்தான்.

திசையன்விளை வாசகர்: அங்கேயும் வீட்டுவரி கட்டாவிட்டால் தண்ணீர்க் குழாயைத் துண்டிப்பார்களா?

பதில்: குடியிருக்கும் வீட்டுக்கு நாடு முழுக்க வரி என்று ஒன்று அங்கே இல்லை. ஷாங்காய், சோங்சிங் இரண்டிலும் 2011 முதல் சோதனையாக வைத்திருக்கிறார்கள், அவ்வளவுதான். விவசாயிகளிடம் தானிய வரியும் அதன் தலையில் ஏற்றிய பலவிதக் கட்டணங்களும் வசூலித்துத்தான் முன்பு டவுன் அரசு ஓடியது, வசூலுக்கு வந்தவர் பன்றியைக்கூட ஓட்டிக்கொண்டு போவார் என்ற கெட்ட பெயர் உண்டு. 2006-இல் விவசாய வரியை அடியோடு எடுத்தார்கள். விவசாயிக்கு நிம்மதி, டவுன் கஜானா காலி. பல இடங்களில் டவுனின் கணக்கு வழக்கைக் கவுண்டியே வாங்கி வைத்துக்கொண்டது, செலவுக்கு மேலே போய் நிற்க வேண்டியதுதான். ஃபேக்டரி இருக்கிற ஹூமனுக்குக் கவலையில்லை, மலைக்காட்டு டவுனுக்குத்தான் திண்டாட்டம். இந்த இடத்தில் நம்ம பேரூராட்சி பரவாயில்லை, வசூலாகிறதோ இல்லையோ, தனக்கென்று ஒரு வரியாவது இருக்கிறது.

சேரன்மகாதேவி வாசகர்: டவுன் நேரடியாக நகரம் ஆனதுண்டா அண்ணாச்சி?

பதில்: உண்டு. சீனாவின் ஜெஜியாங் மாகாணத்தில் வென்சோ நகரத்துப் பக்கம் லோங்காங். ஆற்று முகத்துவாரத்தில் சில மீனவக் கிராமங்கள், 1984-இல் டவுன். அரசிடம் காசில்லை, ஆகவே விவசாயிகளே மனைக்குப் பணம் கட்டி, தங்கள் செலவில் வீடு கட்டி, ரேஷன் கேட்காமல் சொந்த அரிசியோடு வந்து குடியேறலாம் என்றார்கள். கூட்டம் கூட்டமாக வந்தார்கள். அச்சுத்தொழில் வளர்ந்தது. 2019-இல் அதைக் கவுண்டி மட்டத்து நகரமாகவே உயர்த்திவிட்டார்கள். அதற்குக் கீழே டவுனும் இல்லை, தெரு அலுவலகமும் இல்லை, நகர அரசே குடியிருப்புப் பகுதிகளை நேரடியாகப் பார்க்கிறது.