வாசகர் கேள்விகள்: வைத்தியச் செலவு யார் கணக்கில்?

கேள்வி: பிரிட்டனில் வைத்தியம் இலவசம், ஜெர்மனியில் இன்ஷூரன்ஸ் என்கிறார்கள். நோயாளிக்கு இதில் என்ன வித்தியாசம்?

பதில்: படுக்கையில் கிடப்பவருக்கு அதிக வித்தியாசம் தெரியாது. இரண்டு நாட்டிலும் ஆபரேஷனுக்கு முன்னால் நகையை அடகு வைக்கத் தேவையில்லை. பணம் எந்த வழியாக வருகிறது என்பதில்தான் வித்தியாசம்.

பிரிட்டனின் தேசிய சுகாதாரச் சேவை 1948 ஜூலை 5 அன்று தொடங்கியது. பெரும்பகுதி பணம் பொது வரியிலிருந்து வருகிறது. ஜெர்மனியின் ஏற்பாடு 1883-ல், பிஸ்மார்க் சான்சலராக (அரசாங்கத் தலைவராக) இருந்த காலத்துச் சட்டத்தில் பிறந்தது. அன்று சந்தாவில் மூன்றில் இரண்டு பங்கு தொழிலாளியுடையது, ஒரு பங்கு முதலாளியுடையது. இன்று சம்பளத்தில் அடிப்படைப் பிடித்தம் 14.6%, ஆளுக்குப் பாதி. அதற்கு மேல் ஒவ்வொரு காப்பீட்டு நிதியமும் (சந்தா வாங்கி வைத்தியச் செலவைக் கட்டும் அமைப்பு) தனக்கென்று கொஞ்சம் கூடுதல் விகிதம் வைத்துக்கொள்ளலாம்.

வரியில் நடத்தினால் யாரையும் விடாமல் சேர்க்கலாம். ஆனால் ஒவ்வொரு பட்ஜெட்டிலும் நிதியமைச்சரின் முகத்தைப் பார்த்து நிற்க வேண்டும். பிடித்தத்தில் நடத்தினால் பணம் தனிப் பெட்டியில் பத்திரமாக இருக்கும். ஆனால் வேலை பார்ப்பவர் குறைந்து முதியவர் கூடினால் பெட்டி வற்றும். அதனால்தான் ஜெர்மனியும் வரிப் பணத்திலிருந்து மானியம் ஊற்றுகிறது. தினக்கூலியும் சிறு வியாபாரியும் நிறைந்த நாட்டில் இன்னொரு சிக்கல்: பிடித்தம் செய்யச் சம்பளச் சீட்டே கிடையாது. கானா இதற்கு ஒரு வழி கண்டது. 2003-ல் கொண்டுவந்த காப்பீட்டுச் சட்டத்தில், விற்கும் பொருள் மேல் 2.5% தனி வரி போட்டார்கள். சம்பளச் சீட்டு இல்லாதவரும் கடையில் சாமான் வாங்குவார் அல்லவா?

கேள்வி: எனக்கு நோய் நொடி எதுவும் இல்லை. விருப்பம் உள்ளவர் சேரட்டும் என்று விட்டால் என்ன குறைந்துவிடும்?

பதில்: காப்பீடே குறைந்துவிடும். கணக்குப் போட்டுப் பாருங்கள். 1,000 பேர் இருக்கிறார்கள். 900 பேருக்கு ஆண்டுக்குத் தலா 1,000 செலவு. மீதி 100 பேருக்குத் தலா 41,000. (எந்த நாட்டுப் பணமாகவும் வைத்துக்கொள்ளுங்கள்.) மொத்தம் 50 லட்சம், ஆகவே சந்தா 5,000. ஆரோக்கியமாக இருப்பவர், ‘ஆயிரத்துக்கு ஐயாயிரமா?’ என்று யோசிக்கிறார். அவர்களில் பாதிப் பேர், அதாவது 450 பேர், விலகுகிறார்கள். இப்போது 550 பேர்தான், செலவோ 45 லட்சத்து 50 ஆயிரம். சந்தா சுமார் 8,270. இன்னும் 225 பேர் கிளம்புகிறார்கள். சந்தா 13,300-ஐத் தாண்டுகிறது. கடைசியில் உள்ளே மிஞ்சுவது நோயாளிகள் மட்டும். அவர்களால் கட்ட முடியாத சந்தா.

கட்டாயம் என்று சட்டம் போட்டால் மட்டும் போதுமா என்றால், அதுவும் இல்லை. அமெரிக்காவில் 2010 சட்டப்படி, காப்பீடு எடுக்காதவருக்கு அபராதம் இருந்தது. 2019 முதல் அந்த அபராதம் பூஜ்யமானது. சந்தை கவிழும் என்று பலர் எதிர்பார்த்தார்கள், கவிழவில்லை. வருமானத்துக்கு ஏற்ற மானியம் சந்தாவைத் தாங்கிப் பிடித்தது. ஆக, அடிக்கிற கையைவிடக் கொடுக்கிற கை நன்றாக வேலை செய்தது.

பல நிதியங்கள் போட்டி போடும் நாடுகளில் இதே கோளாறு பின்வாசல் வழியாக நுழையும். எல்லா நிதியமும் இளைஞர்களையே தேடும். இதைத் தடுக்க ஜெர்மனி 2009 முதல் சந்தா முழுவதையும் ஒரு மத்திய நிதியில் கொட்டி, உறுப்பினரின் வயது, பாலினம், நோய் பார்த்துப் பிரித்துக் கொடுக்கிறது. நீரிழிவுக்காரர் சேர்ந்தால் அவர் பெயரில் கூடுதல் பணம் வரும். பல நிதியங்களை வைத்துக்கொண்டு இந்தச் சரிக்கட்டலை மட்டும் விட்டுவிடும் நாடு, நோயாளியைத் தட்டிக் கழிக்கும் தொழிலைத்தான் வளர்க்கும்.

கேள்வி: டாக்டருக்கு மாதச் சம்பளம் கொடுத்தால் வேலை நடக்காது என்கிறார்கள். செய்த வேலைக்குக் கொடுத்தால் கொள்ளை என்கிறார்கள். எதுதான் சரி?

பதில்: நல்ல கேள்வி. ஆஸ்பத்திரி யாருக்குச் சொந்தம் என்று சண்டை போடுகிற நேரத்தில் பாதியை இதற்குக் கொடுத்திருந்தால் பல நாடுகள் பிழைத்திருக்கும்.

செய்த ஒவ்வொன்றுக்கும் தனிக் கட்டணம் என்றால் ஸ்கேன் பெருகும், ஊசி பெருகும். ஜப்பான் இந்த முறையை வைத்துக்கொண்டே ஓரளவு கட்டுக்குள் நிற்கிறது. எப்படி? நாடு முழுவதற்கும் ஒரே கட்டணப் பட்டியல். இரண்டு ஆண்டுக்கு ஒருமுறை திருத்துவார்கள். எந்தச் சிகிச்சை திடீரென்று பெருகுகிறதோ அதன் கட்டணத்தில் கத்தி விழும்.

தலைக்கு இவ்வளவு என்று கொடுத்தால் நிலைமை தலைகீழ். பிரிட்டனின் குடும்ப டாக்டருக்குப் பெரும்பகுதி வருமானம் இப்படித்தான்: அவரிடம் பதிந்துகொண்டவர் பட்டியலில் உள்ள ஒவ்வொரு பெயருக்கும், வயதும் நோயும் பார்த்து ஒரு தொகை. நோயாளி வந்தாலும் வராவிட்டாலும் அதே பணம். தேவையில்லாத ஊசி குறையும். கூடவே, சிரமமான கேஸை ‘பெரிய ஆஸ்பத்திரிக்குப் போங்கள்’ என்று எழுதிக் கொடுப்பது கூடும். இதைச் சரிசெய்ய 2004-ல் ரத்த அழுத்தம் பதிந்தால் இத்தனை புள்ளி, சர்க்கரை கட்டுக்குள் இருந்தால் இத்தனை புள்ளி என்று பணம் சேர்த்தார்கள். எதிர்பார்த்ததைவிட அதிகமாகவே எல்லோரும் புள்ளி வாங்கிவிட்டார்கள், செலவும் எகிறியது.

ஆஸ்பத்திரிக்கு இன்று பரவலாக உள்ளது தொகுப்புக் கட்டணம். அமெரிக்க முதியோர் காப்பீடு 1983-ல் இதைக் கொண்டுவந்தது. ஒத்த நோய், ஒத்த சிகிச்சை எல்லாம் ஒரு தொகுப்பு. ஒவ்வொரு தொகுப்புக்கும் ஓர் எடை. அடிப்படை விலை 1,00,000, இடுப்பு மூட்டு மாற்றும் தொகுப்பின் எடை 1.8 என்று வைத்தால், ஆஸ்பத்திரிக்குக் கிடைப்பது 1,80,000. நோயாளி 5 நாள் இருந்தாலும் 12 நாள் இருந்தாலும் தொகை மாறாது. உடனே படுக்கை நாட்கள் குறைந்தன. கூடவே மூன்று கோளாறுகள் முளைத்தன.

முதலாவது, தையல் ஆறும் முன்பே வீட்டுக்கு அனுப்புவது. இதற்கு மருந்து, குறிப்பிட்ட நாளுக்குள் நோயாளி திரும்பி வந்தால் பணத்தில் வெட்டு. இரண்டாவது, கேஸ் ஷீட்டில் ‘சிறுநீரகக் கோளாறும் உண்டு’ என்று ஒரு வரி கூட்டி எடை அதிகமான தொகுப்புக்குத் தள்ளுவது. கேஸ் ஷீட்டையும் லேப் ரிப்போர்ட்டையும் பக்கத்தில் வைத்துச் சோதிக்கும் தணிக்கையாளர் இல்லாமல் இந்த முறையைத் தொடங்கவே கூடாது. மூன்றாவதுதான் மோசம்: தொகை நிலையானது என்றால், செலவைக் குறைக்கச் சுலபமான இடம் நர்ஸ். ஜெர்மனியில் இது முற்றிப்போய், 2020 முதல் வார்டு நர்ஸ்களின் சம்பளத்தைத் தொகுப்பிலிருந்து பிரித்துத் தனியாகக் கொடுக்க வேண்டி வந்தது.

ஆகவே ஒரே முறையை நம்பாதீர்கள். குடும்ப டாக்டருக்குத் தலைக்கணக்கு, தடுப்பூசி மாதிரி நாம் அதிகம் நடக்க வேண்டும் என்று விரும்பும் வேலைக்குத் தனிக் கட்டணம், ஆஸ்பத்திரிக்கு மொத்த பட்ஜெட் உச்சவரம்புக்குள் தொகுப்பு. ஒன்றின் கோணலை இன்னொன்று கொஞ்சம் நிமிர்த்தும்.

கேள்வி: ஒவ்வொரு தடவையும் நோயாளி சிறு தொகை கட்டினால் வீண் கூட்டம் குறையுமே?

பதில்: குறையும். வீண் கூட்டத்தோடு தேவையான கூட்டமும் குறையும். 1970-களில் அமெரிக்காவில் ரேண்ட் என்ற ஆராய்ச்சி நிறுவனம் நடத்திய பெரிய சோதனையில் கண்டது இதுதான். தலைவலிக்கு வருவதா, நெஞ்சுவலிக்கு வருவதா என்று பிரிக்கும் திறமை கட்டணத்துக்கு இல்லை. ஏழையும் நாள்பட்ட நோயாளியுமே முதலில் அடிபடுவார்கள். வைத்தே ஆக வேண்டுமென்றால் மாத உச்சவரம்போடு வையுங்கள். ஜப்பானில் பெரும்பாலானோர் 30% கட்டுகிறார்கள், ஆனால் வருமானத்துக்கு ஏற்ற வரம்பைத் தாண்டியதும் பில் பெரும்பாலும் நின்றுவிடும்.

கேள்வி: பொது மருத்துவம் என்றாலே காத்திருப்புப் பட்டியல்தானா?

பதில்: பணம் தடுக்காத இடத்தில் நேரம் தடுக்கும், இது ஓரளவு உண்மை. ஆனால் பட்டியல் நீளக் காரணம் டாக்டர் பற்றாக்குறை மட்டும் அல்ல. இங்கிலாந்தில் சிகிச்சை முடிந்தும் வீடு திரும்ப முடியாத முதியவர்கள் வார்டிலேயே தங்கிவிடுகிறார்கள். அவர்களை வீட்டில் பார்த்துக்கொள்ளும் சேவை சுகாதாரச் சேவையின் கையில் இல்லை. உள்ளாட்சிகளின் பொறுப்பு, அதுவும் வசதியைச் சோதித்துக் கொடுப்பது. அங்கே பணத்தை வெட்டினால் இங்கே படுக்கை அடைபடும். அவசரப் பிரிவிலிருந்து நோயாளியை மேலே அனுப்ப முடியாது. திட்டமிட்ட ஆபரேஷன் தள்ளிப்போகும்.

கேள்வி: சீர்திருத்தம் செய்யும் நாடு எங்கே தொடங்க வேண்டும்?

பதில்: கார்டு அச்சடிப்பதில் அல்ல. தாய்லாந்து 2001-ல் ஆறு மாகாணங்களில் பரீட்சை பார்த்து, 2002-க்குள் நாடு முழுவதும் 30 பாட் திட்டத்தை (ஒரு தடவை வைத்தியத்துக்கு நோயாளி அந்த நாட்டுப் பணத்தில் 30 பாட் மட்டும் கட்டும் திட்டம்) பரப்பியது. ஒரே ஆண்டில் எப்படி முடிந்தது என்று வியக்கிறார்கள். அதற்கு முன்பே பல ஆண்டுகளாக மாவட்டந்தோறும் ஆஸ்பத்திரி கட்டியிருந்தார்கள். படித்து முடித்த டாக்டர்களுக்குக் கிராமப் பணியைக் கட்டாயமாக்கியிருந்தார்கள். விருப்பம் இருந்தால் வாங்கும் மருத்துவ அட்டையை முன்பு விற்றுப் பார்த்து, நோயாளிகளே அதிகம் வாங்கியதால் நஷ்டப்பட்ட பாடமும் இருந்தது. அதனால்தான் புதிய திட்டத்தில் சந்தாவே கேட்கவில்லை, வரிப் பணம்தான்.

தென் கொரியா வேறு பாதை பிடித்தது. 1977-ல் 500 பேருக்கு மேல் வேலை செய்யும் கம்பெனிகளில் தொடங்கி, சிறிய கம்பெனிகள், கிராமம், கடைசியாக நகரத்துச் சுயதொழிலாளர் என்று 1989-ல் எல்லோரையும் சேர்த்தது. வேகமாகச் சேர்க்க, சந்தாவைத் தாழ்வாக வைத்தார்கள். ஆகவே காப்பீடு பணம் கொடுக்கும் சிகிச்சைப் பட்டியலும் சுருங்கியது. பட்டியலுக்கு வெளியே உள்ளதற்கு டாக்டர் தன் இஷ்டப்படி கட்டணம் வைக்கலாம் என்பதால், நோயாளியின் பாக்கெட் இன்றும் கணிசமாகக் கரைகிறது. தனித்தனியாக இருந்த 350-க்கும் மேற்பட்ட காப்பீட்டுச் சங்கங்களை அங்கே 2000-ல் ஒன்றாக்கிவிட்டார்கள். தாய்லாந்தில் அரசு ஊழியர், தனியார் ஊழியர், மற்றவர் என மூன்று திட்டங்களும் இன்னும் தனித்தனியாகவே ஓடுகின்றன. தலைக்கு அதிகம் செலவாவது அரசு ஊழியர் திட்டத்தில்.