பட்டியலில் பெயர் இல்லாத ஒளிப்படக் கலைஞரை வேலைக்கு அழைப்பது எப்படி?

கேள்வி: கோயம்புத்தூரில் வெட் கிரைண்டர் தயாரிக்கும் நிறுவனம் ஒன்றில் விளம்பரப் பிரிவைக் கவனித்துவருகிறேன். எங்கள் கேட்டலாக், தீபாவளி விளம்பரம் இரண்டையும் எட்டு ஆண்டுகளாக ஒரே இரண்டு ஆண் கலைஞர்கள்தான் மாறி மாறி எடுக்கிறார்கள். இந்த ஆண்டு பெண் கலைஞர்களுக்கும், தம்மை ஆண் என்றோ பெண் என்றோ வரையறுத்துக்கொள்ளாத நான்-பைனரி கலைஞர்களுக்கும் வாய்ப்புத் தர நினைக்கிறோம். ஆனால் தேடிக் கிடைத்தவர்கள் பெரும்பாலும் திருமணப் படமும் குழந்தைப் படமும் எடுப்பவர்கள்; எங்களுக்குத் தேவையான, இதுபோன்ற பொருளை எடுத்த முன்அனுபவம் அவர்களுக்கு இல்லை. தரம் குறையாமல் இதை எப்படிச் செய்வது?

பதில்: உங்களுக்கு ஆள் கிடைக்காததற்குக் காரணம் திறமைப் பஞ்சம் அன்று, நீங்கள் கேட்கும் முன்அனுபவம்தான். இதே வகைப் பொருளை ஏற்கெனவே எடுத்திருக்க வேண்டும் என்கிறீர்கள். அந்த அனுபவத்தைத் தர வேண்டியவர்களோ உங்களைப் போன்ற நிறுவனங்கள்தான். விளம்பரப் படத்துறைக்குள் நுழைபவர்களில் பலர் மூத்த கலைஞர் ஒருவரிடம் சில ஆண்டுகள் உதவியாளராக இருந்து, லைட் தூக்கி, ஸ்டாண்ட் நிறுத்தி, ஒருநாள் அவருக்குத் தேதி ஒத்துவராதபோது முதல் வேலையைப் பெற்றவர்கள். அந்த உதவியாளர் வேலைக்கு, இரவு பதினொரு மணிக்குக் கூப்பிட்டாலும் வரக்கூடிய, வெளியூரில் மற்றவர்களுடன் ஒரே அறையில் தங்கக்கூடிய பையன்களைத்தான் தேடினோம். சென்னையில் பல ஆண்டுகள் படப்பிடிப்பு ஒருங்கிணைப்பாளராக இருந்த நானும், தனி அறைக்குச் செலவாகும் என்ற ஒரே காரணத்துக்காக ஒரு பெண் உதவியாளரை வெளியூர்ப் படப்பிடிப்பிலிருந்து விலக்கியிருக்கிறேன். அது தவறு என்று அப்போது எனக்குத் தோன்றவில்லை.

ஆகவே முதலில் மாற வேண்டியது விலைப்புள்ளி கேட்கும் முறை. 2016இல் திரைப்பட இயக்குநர் ஆல்மா ஹரெல் தொடங்கிய ‘ஃப்ரீ த பிட்’ இயக்கம், ஒரு விளம்பரப் படத்துக்கு மூன்று இயக்குநர்களிடம் விலைப்புள்ளி கேட்டால் அதில் ஒருவராவது பெண்ணாக இருக்க வேண்டும் என்ற உறுதிமொழியை விளம்பர நிறுவனங்களிடம் கேட்டது. ஒளிப்படத்துக்கும் இதே விதி அப்படியே பொருந்தும். வேலை யாருக்கு என்பதை இந்த விதி முடிவு செய்வதில்லை. யாரிடம் கேட்கிறோம் என்பதைத்தான் மாற்றுகிறது.

அடுத்தது சோதனைப் படப்பிடிப்பு. இதில் நீங்கள் கொஞ்சம் செலவழித்தே ஆக வேண்டும். வெட் கிரைண்டரின் எவர்சில்வர் பாத்திரம் ஒரு வளைந்த கண்ணாடி. அறையின் ஜன்னல், கூரை, கேமராவைப் பிடித்திருப்பவரின் முகம் என்று எல்லாமே அதில் தெரியும். உள்ளே இருக்கும் கருங்கல்லோ ஒளியை விழுங்கிவிடும். பாத்திரத்துக்கு வெள்ளைத் திரை வழியாக ஒளியை மென்மையாக்கி, அதன் விளிம்பு தெரிய இருபுறமும் கறுப்பு அட்டை நிறுத்தி, கல்லின் சொரசொரப்பு தெரியப் பக்கவாட்டில் தனி ஒளி கொடுப்பவருக்கு இந்த வேலை தெரியும். விலைப்புள்ளி கேட்ட மூன்று பேருக்கும் ஒரே கிரைண்டரையும் அரை நாளையும் கொடுத்து, மூவருக்கும் ஊதியமும் கொடுங்கள். இலவசமாகச் சோதனை கேட்டால், ஸ்டுடியோ வாடகையைக் கையிலிருந்து போடக்கூடியவர்கள் மட்டுமே வருவார்கள். முகூர்த்த நேரத்துக்குள், வீடியோ விளக்கு வெளிச்சத்தில் கல்பதித்த அட்டிகையைக் கண்கூசாமல் எடுத்துப் பழகிய திருமணக் கலைஞர் ஒருவர் இந்தச் சோதனையில் உங்களை வியக்க வைத்தால் எனக்கு ஆச்சரியமாக இராது.

பணத்தைப் பற்றி வெளிப்படையாகப் பேசுங்கள். வட்டத்துக்கு வெளியே இருப்பவருக்கு நடப்பு விலை தெரியாததால் குறைத்துச் சொல்வார். பிறகு அந்தக் குறைந்த விலையையே காட்டி அவருடைய திறமையைச் சந்தேகிப்பார்கள். உங்கள் பட்ஜெட்டை மூவருக்கும் முதலிலேயே சொல்லிவிட்டால் இந்தச் சிக்கல் எழாது. கலைஞர் உத்யம் (சிறு தொழில்களுக்கான மத்திய அரசுப் பதிவு) பதிவு பெற்ற குறு, சிறு தொழில்முனைவோராக இருந்தால், 2006ஆம் ஆண்டின் குறு, சிறு, நடுத்தரத் தொழில் மேம்பாட்டுச் சட்டப்படி, எழுத்துபூர்வ ஒப்பந்தத்தில் எந்தக் கெடு இருந்தாலும் 45 நாட்களுக்குள் பணம் தர வேண்டும். தவறினால் ரிசர்வ் வங்கியின் வங்கி விகிதத்தைப் போல மூன்று மடங்கு கூட்டு வட்டி சேரும்.

ஒப்பந்தத்தில் இன்னொரு வரியும் வேண்டும். 1957ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டப்படி, பணம் கொடுத்து எடுக்கச் சொன்ன ஒளிப்படத்தின் முதல் உரிமையாளர், மாறான ஒப்பந்தம் இல்லாதவரை, எடுக்கச் சொன்னவர்தான். அதாவது, உங்கள் அனுமதி இல்லாவிட்டால், எடுத்தவர் தன் படத்தையே தன் வேலைத் தொகுப்பில் காட்டத் தயங்க வேண்டியிருக்கும். புதியவருக்கு அந்தப் படம்தான் அடுத்த வேலைக்கான சாவி. விளம்பரம் வெளியான பிறகு தன் தொகுப்பில் வைத்துக்கொள்ளலாம் என்றும், இயன்ற இடங்களில் அவர் பெயர் இடப்படும் என்றும் எழுதிக் கொடுங்கள். இந்தியாவின் முதல் பெண் பத்திரிகை ஒளிப்படக் கலைஞரான ஹோமாய் வியாரவாலாவின் தொடக்கக் காலப் படங்கள் அவருடைய கணவரின் பெயரில் வெளியாயின என்பதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு மனம் வலிக்கும்.

படப்பிடிப்புத் தளத்தில் நான் பலமுறை கண்ட காட்சி இது. பெண் கலைஞர் கேமராவுடன் நிற்பார், மானிட்டர் முன் அமர்ந்திருக்கும் நிறுவன அதிகாரி, அவரைத் தாண்டிப் பார்த்து, லைட் பிடித்திருக்கும் உதவியாளரிடம், “சார், இன்னும் கொஞ்சம் க்ளோஸா போலாமா?” என்று கேட்பார். அந்த நாளின் தலைமை யாரிடம் என்பது அந்த ஒரு கேள்வியில் குழம்பிவிடும். காலையிலேயே கலைஞரை அனைவருக்கும் நீங்களே அறிமுகப்படுத்தி, உங்கள் தரப்புக் கருத்துகளை ஒருவர் மட்டும், நேரடியாக அவரிடமே சொல்வார் என்று அறிவித்துவிடுங்கள். தாழ்ப்பாள் சரியாக உள்ள கழிப்பறை, இரவில் வீடு திரும்ப வண்டி, வெளியூரில் தனி அறை ஆகியவற்றைச் சலுகையாகக் கருதாமல் செலவுப் பட்டியலிலேயே எழுதுங்கள்.

பணியிடப் பாலியல் துன்புறுத்தலுக்கு எதிரான 2013ஆம் ஆண்டுச் சட்டம், உங்கள் சம்பளப் பட்டியலில் இல்லாத பெண்ணுக்கும் பாதுகாப்புத் தருகிறது; பத்துப் பேரோ அதற்கு மேலோ பணிபுரிந்தால் உங்கள் நிறுவனத்தில் உள்ளகப் புகார்க் குழு கட்டாயம் இருக்க வேண்டும். அதன் உறுப்பினர் ஒருவரின் எண்ணைப் படப்பிடிப்பு அட்டவணையில் அச்சிடுங்கள். அச்சட்டம் பாதிக்கப்பட்ட பெண்களைப் பற்றி மட்டுமே பேசுவதால், நான்-பைனரி கலைஞர்களும் அதே குழுவிடம் முறையிடலாம் என்று உங்கள் நிறுவன விதியிலும் ஒப்பந்தத்திலும் தனியாகச் சேர்க்க வேண்டும்.

நான்-பைனரி கலைஞர்களை எப்படிக் கூப்பிடுவது என்று பலர் தயங்குகிறார்கள். தமிழில் ‘அவர்’ என்ற சொல்லே பாலினம் காட்டாமல் மரியாதையும் தருவது நமக்கு வசதி. ‘சார்’, ‘மேடம்’, ‘ப்ரோ’, ‘அக்கா’ என்று வாய் தானாகப் போகும் இடத்தில்தான் தவறு நேர்கிறது. அவர் விரும்பும் பெயரை முன்பே கேட்டு, அட்டவணையில் அதையே அச்சிடுங்கள். வங்கிக் கணக்கிலும் பான் அட்டையிலும் வேறு பெயர் இருக்கக்கூடும்; அது கணக்குப் பிரிவோடும் பயணச்சீட்டு எடுப்பவரோடும் நிற்கட்டும்.

தீபாவளி விளம்பரத்தை ஆகஸ்டில் எடுப்பீர்கள் என்றால், சோதனையை ஜூனிலேயே முடித்துவிடுங்கள். தேர்வானவருக்குத் தீபாவளி வேலையுடன், அடுத்த கேட்டலாக்கையும் இப்போதே உறுதி செய்து கொடுங்கள்; தேர்வாகாத இருவரின் பெயரும் அடுத்த விலைப்புள்ளிப் பட்டியலில் இருக்கட்டும்.