இருபது வருடக் கடனும் மூன்று வருட டெபாசிட்டும்

அன்புள்ள ஆசிரியருக்கு,

நீர்மின் திட்டங்கள் பற்றிய உங்கள் கட்டுரையில் 'வளர்ச்சி வங்கி' என்ற சொல் நாலைந்து இடத்தில் வருகிறது. கடன் கொடுக்கத்தான் இத்தனை வணிக வங்கிகள் இருக்கின்றனவே, அரசு தனியாக ஒன்றை எதற்கு நடத்த வேண்டும்? லாபம் வரும் தொழில் என்றால் சாதாரண வங்கியே கொடுத்துவிடும். வராது என்றால் யாருமே கொடுக்கக் கூடாது. வேண்டியவர்களுக்கு மலிவு வட்டியில் அள்ளிக் கொடுக்கும் ஏற்பாடாகத்தான் எனக்குத் தெரிகிறது. இன்னொன்று, என் மைத்துனர் சின்னதாக ஒரு பட்டறை போடப் பார்க்கிறார். அவர் இப்படி ஒரு வங்கிக்கு நேரடியாகப் போக முடியுமா?

ஆர்.

அன்புள்ள ஆர்.,

உங்கள் சந்தேகத்தில் பாதி நியாயம். அந்தப் பாதிக்கு அப்புறம் வருகிறேன். வளர்ச்சி வங்கி என்பது, பலன் தர வருடக்கணக்கில் ஆகும் திட்டங்களுக்கு நீண்டகாலக் கடன் கொடுக்க, பெரும்பாலும் அரசின் ஆதரவோடு நடக்கும் வங்கி.

லாபம் வரும், சரி. எப்போது வரும்? ஒரு நீர்மின் நிலையத்தைக் கட்டி முடிக்க ஐந்து வருடம் என்று வையுங்கள். அதுவரை ஒரு யூனிட் மின்சாரம் விற்க முடியாது. 10 சதவீத வட்டிக்கு முதல் நாளே 100 கோடி வாங்கியிருந்தால், ஐந்தாம் வருட முடிவில் கடன் 161 கோடியாகி நிற்கும். முதல் தவணையே அதற்குப் பிறகுதான். முழுக்கத் தீர இன்னும் பதினைந்து வருடம் பிடிக்கும். இப்போது வங்கியின் பக்கம் வாருங்கள். அதன் கையில் இருப்பது ஊரார் போட்ட டெபாசிட். ஒரு வருடம், மூன்று வருடம். சேமிப்புக் கணக்கென்றால் நாளைக் காலையே வந்து கேட்பார்கள். அந்தப் பணத்தை இருபது வருடத்துக்குப் பூட்டிவைக்க எந்த மேலாளர் துணிவார்? துணியாதது அவர் தப்பும் இல்லை.

துணிந்து பார்த்தவர்கள் உண்டு. பிரான்சில் பெரேர் சகோதரர்கள் 1852-ல் தொடங்கிய கிரெடி மொபிலியே, தனியார் நிறுவனம்தான். ஐரோப்பாவின் பல நாடுகளில் ரயில்பாதைகளுக்குப் பணம் போட்டது. கடைசியில் மார்செய் நகர நிலத்திலும் கட்டடத்திலும் பெரும்பணம் சிக்கிக்கொள்ள, 1867-ல் கவிழ்ந்தது. சொத்து இருந்தது, கேட்ட நேரத்தில் அதைக் காசாக்கத்தான் முடியவில்லை.

வளர்ச்சி வங்கிகள் பெரும்பாலும் பொதுமக்களிடம் டெபாசிட் வாங்குவதில்லை. நீண்டகாலக் கடன் பத்திரம் விற்றுப் பணம் திரட்டுகின்றன. பின்னால் அரசு நிற்கிறது என்பதால் வட்டி குறைகிறது. உலக வங்கியில் உறுப்பு நாடுகள் ரொக்கமாகக் கட்டியது மூலதனத்தில் சிறு பகுதிதான். மீதியெல்லாம் 'தேவைப்பட்டால் தருகிறோம்' என்ற வாக்கு. அப்படிக் கேட்கவேண்டிய நிலை இதுவரை ஒருமுறைகூட வந்ததில்லை. 1947-ல் பிரான்சுக்குத் தந்த 25 கோடி டாலரில் தொடங்கி, அந்த வாக்கின் பலத்தில்தான் வண்டி ஓடுகிறது.

மலிவான பணம் நின்றால் என்னாகும் என்பதற்கு இந்தியாவே உதாரணம். 1948-ல் தொழில் நிதிக் கழகம், 1955-ல் ஐசிஐசிஐ, 1964-ல் ஐடிபிஐ என்று வளர்ச்சி வங்கிகள் வரிசையாக வந்தன. ரிசர்வ் வங்கியும் அரசும் கொடுத்துவந்த மலிவுப் பணம் 1990களில் வற்றியது. 2002-ல் ஐசிஐசிஐ, தான் தொடங்கியிருந்த வணிக வங்கியோடு இணைந்தது. 2004-ல் ஐடிபிஐயும் வணிக வங்கியானது. மின்நிலையம், நெடுஞ்சாலை என்று நீண்டகாலக் கடன்கள் டெபாசிட் வங்கிகளின் தலையில் விழுந்தன. அடுத்த பத்தாண்டில் குவிந்த வாராக்கடனில் இவற்றுக்குக் கணிசமான பங்கு. 2021-ல் உள்கட்டமைப்புக்கென்றே ஒரு வளர்ச்சி வங்கியைச் சட்டம் போட்டு மறுபடி தொடங்கினார்கள். மூடிய கடையைத் திரும்ப விரித்த கதை.

இனி உங்கள் பாதி. பிரேசிலின் வளர்ச்சி வங்கியான பிஎன்டிஇஎஸ் 1952-லிருந்து இருக்கிறது. 2008 நெருக்கடிக்குப் பின் அரசு கருவூலப் பணத்தை அதில் கொட்டியது. சந்தையைவிடக் குறைந்த வட்டியில் அது பெரிய நிறுவனங்களுக்குப் போனது. அவற்றில் பலவற்றுக்கு வெளியிலேயே கடன் கிடைத்திருக்கும் என்பது விமரிசகர்களின் வாதம். எனக்கும் அது சரியென்றே படுகிறது. 2018-லிருந்து புதுக் கடன்களின் வட்டியை அரசுப் பத்திரங்களின் சந்தை வட்டியோடு கட்டிப்போட்டுவிட்டார்கள்.

அதனால் ஒரு வளர்ச்சி வங்கியை அதன் லாபத்தை வைத்து எடைபோடுவதில் எனக்கு உடன்பாடில்லை. வேறு யாரும் கொடுக்காத இடத்தில் கொடுத்ததா, கொடுத்தது திரும்பி வந்ததா, இரண்டையும் சேர்த்துக் கேட்பேன். முதலாவதற்கு 'இல்லை' என்று பதில் வந்தால் நீங்கள் சொன்ன ஏற்பாடுதான் அது. இரண்டாவதற்கு 'இல்லை' என்றால் அதற்கு மானியம் என்று நேராகப் பெயர் வைத்துவிடலாம்.

மைத்துனர் விஷயம். நேரடியாகப் போக முடிவது அபூர்வம். 1948-ல் போருக்குப் பிந்தைய மறுகட்டுமானத்துக்காகத் தொடங்கிய ஜெர்மனியின் வளர்ச்சி வங்கி கேஎஃப்டபிள்யூவையே பாருங்கள். சிறுதொழில் செய்பவர் தன் வழக்கமான வங்கியில்தான் விண்ணப்பிக்கிறார். அந்த வங்கி அலசிப் பார்த்துக் கடன் தருகிறது, பணத்தைக் கேஎஃப்டபிள்யூவிடம் வாங்கிக்கொள்கிறது. வாங்கியவர் கட்டாவிட்டால் அடி பெரும்பாலும் அந்த வங்கிக்கும் விழும் என்பதால் ஆளைப் பார்க்காமல் தொழிலைப் பார்க்கிறார்கள். பல நாடுகளில் ஏற்பாடு ஏறக்குறைய இதுதான். உங்கள் மைத்துனரை இயந்திரத்துக்கான கொட்டேஷனும் கைவசமுள்ள ஆர்டர்களும் எடுத்துக்கொண்டு தன் கணக்கு உள்ள வங்கிக்கே போகச் சொல்லுங்கள். வளர்ச்சி வங்கியின் மறுநிதி (இப்படி அது வங்கிக்குத் தரும் பணம்) உள்ள திட்டம் ஏதாவது இருக்கிறதா என்று அவரே வாய்விட்டுக் கேட்கட்டும். பல கிளைகளில் அவர்களாகச் சொல்வதில்லை.