வயது வந்த இருவர் விரும்பித் திருமணம் செய்துகொள்ள நீதிமன்றம் எந்த அளவுக்குத் துணை நிற்கிறது?

நண்பன் ஒருவனின் ஆட்கொணர்வு மனுவுக்காக (அடைத்து வைக்கப்பட்டவரை நேரில் நிறுத்தச் சொல்லிக் கேட்கும் மனு) ஒருநாள் உயர் நீதிமன்றத்தில் உட்கார்ந்திருந்தேன். பதிவுத் திருமணம் முடிந்த மூன்றாம் நாளே பெண் வீட்டார் வந்து அவளைக் கூட்டிப்போய்விட்டார்கள். செல்பேசி அணைந்துவிட்டது. புகார் கொடுக்கப் போன ஸ்டேஷனில் இரண்டு நாள் உட்கார வைத்து, "பெத்தவங்க மனசு நோகக் கூடாது தம்பி" என்று பேசியே அனுப்பினார்கள்.

நீதிமன்றத்துக்குப் பெண்ணைப் போலீஸ்தான் அழைத்து வந்தது. நீதிபதி கேட்டது மூன்றே கேள்விகள். வயது என்ன, விருப்பப்பட்டுத்தான் கல்யாணம் செய்துகொண்டீர்களா, இப்போது யாரோடு போக விரும்புகிறீர்கள்? "அவரோட போறேன்." ஐந்து நிமிடம்கூட ஆகவில்லை. உங்கள் கேள்விக்கு என் பதில் அந்த ஐந்து நிமிடம்தான். பெரிய தீர்ப்புகளெல்லாம் அந்த மூன்றாவது கேள்வியைக் காப்பாற்றுவதற்காக எழுதப்பட்டவை என்றே எனக்குத் தோன்றும்.

அந்தக் கேள்விக்கே ஆபத்து வந்த வழக்கும் உண்டு. மதம் மாறித் திருமணம் செய்த 24 வயதுப் பெண்ணின் திருமணத்தைக் கேரள உயர் நீதிமன்றம் 2017இல் செல்லாது என்றது. அதுவும் பெண்ணின் தந்தை போட்ட ஆட்கொணர்வு மனுவில்! உச்ச நீதிமன்றம் 2018 மார்ச்சில் அதை ரத்து செய்தது. வயது வந்தவர் யாரைத் துணையாகத் தேர்ந்தெடுக்கிறார் என்பதில் நீதிமன்றமே தலையிட முடியாது என்றது. அதே மாதம், ஆணவக்கொலைகளைத் தடுக்கக் கோரி சக்தி வாஹினி என்ற தன்னார்வ அமைப்பு தொடுத்த வழக்கில், வயது வந்த இருவர் சம்மதித்தால் போதும். குடும்பத்தின் சம்மதமோ சாதியின் சம்மதமோ தேவையில்லை என்றும் சொல்லிவிட்டது.

தமிழ்நாட்டுக்காரர்கள் தெரிந்துகொள்ள வேண்டியது உச்ச நீதிமன்றத்தின் 2023 ஆகஸ்ட் தீர்ப்பு. இந்து திருமணச் சட்டத்தில் 1967இல் நாம் சேர்த்த 7அ பிரிவுப்படி, உறவினர் அல்லது நண்பர் முன்னிலையில் மாலை மாற்றினாலோ மோதிரம் அணிவித்தாலோ தாலி கட்டினாலோ திருமணம் செல்லும், புரோகிதர் வேண்டாம். ஆனால் வக்கீல் அறையில் ரகசியமாக நடப்பது செல்லாது என்று சென்னை உயர் நீதிமன்றம் 2014இல் சொல்லியிருந்தது. வீட்டுக்குப் பயந்து ஓடி வருகிறவர்கள் மண்டபம் பிடித்துப் பத்திரிகை அடித்தா கல்யாணம் செய்வார்கள்? திருமணத்துக்கு ஊரறிய அறிவிப்பு தேவையில்லை. வக்கீல்கள் தொழில்முறையில் அல்லாமல் நண்பராகவோ உறவினராகவோ நின்று நடத்தி வைக்கலாம் என்று உச்ச நீதிமன்றம் அதைத் திருத்தியது. ஆனால் மதம் மாறாமலே வேறு மதத்தவரை மணக்க உதவும் சிறப்புத் திருமணச் சட்டத்தில் 30 நாள் அறிவிப்பு இன்னும் இருக்கிறது. யாரிடமிருந்து தப்ப நினைக்கிறார்களோ அவர்களுக்கே சேதி சொல்லும் ஏற்பாடு அது.

எல்லாக் கதவும் திறந்துவிடவில்லை. தன்பாலினத் திருமணத்தைச் சட்டம் ஏற்கச் செய்வது நாடாளுமன்றத்தின் வேலை என்று 2023 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் கைவிரித்தது.

நீதிமன்றத்தின் கை எட்டாத இடம் அதன் வாசலுக்கு வெளியேதான் தொடங்குகிறது. 2016 மார்ச்சில் உடுமலைப்பேட்டையில் பட்டப்பகலில், நடுரோட்டில், சாதி மறுத்துத் திருமணம் செய்த இளைஞரை வெட்டிக் கொன்றார்கள். அடுத்த மாதம், உசிலம்பட்டி ஆணவக்கொலை தொடர்பான வழக்கில், மாவட்டம்தோறும் காவல் கண்காணிப்பாளர், சமூகநல அலுவலர், ஆதிதிராவிடர் நல அலுவலர் அடங்கிய தனிப்பிரிவும் 24 மணி நேர உதவி எண்ணும் வேண்டும் என்று சென்னை உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது. நல்ல உத்தரவு. ஆனால் நள்ளிரவில் ஸ்டேஷனுக்கு ஓடி வருகிற ஜோடிக்கு அங்கே யார் பணியில் இருக்கிறார் என்பதுதான் இன்றும் முதல் கவலை. உயிர் போன பிறகு கிடைக்கும் நீதியோ இன்னும் தாமதம். விருத்தாசலம் அருகே 2003இல் காதல் தம்பதியை விஷம் கொடுத்துக் கொன்ற வழக்கில் விசாரணை நீதிமன்றத் தீர்ப்பு வந்தது 2021இல்.

அதனால் இப்படியொரு முடிவெடுத்திருப்பவர்களுக்கு நான் சொல்வது இதுதான். வயதுச் சான்றையும் திருமணப் படங்களையும் நம்பகமான ஒருவரிடம் முதலிலேயே கொடுத்து வையுங்கள். துணையைக் கொண்டுபோய்விட்டால் ஆட்கொணர்வு மனுவை அந்த நண்பரே தாக்கல் செய்யலாம். பாதுகாப்பு கேட்டு ஸ்டேஷனில் மனு கொடுத்தால் சி.எஸ்.ஆர். ரசீது (மனுவைப் பெற்றுக்கொண்டதற்கு ஸ்டேஷன் தரும் சீட்டு) வாங்காமல் வெளியே வராதீர்கள். என் நண்பனிடம் அன்று அது இல்லை. "அவன் எங்ககிட்ட வரவே இல்லை" என்று ஸ்டேஷன் போலீஸார் நீதிபதி முன்னால் கூசாமல் சொன்னார்கள்.