384 பேர் போதுமா? ஆய்வு முறையியல் குறித்த வாசகர் கேள்விகளும் பதில்களும்

கேள்வி: சமூகவியலில் முனைவர் பட்ட ஆய்வு செய்து வருகிறேன். மாதிரி அளவை, அதாவது எத்தனை பேரிடம் கேட்க வேண்டும் என்பதைக் கண்டறிய என் நெறியாளர் ஓர் அட்டவணை கொடுத்தார். அதன்படி 384 பேர் தேவை. கூகுள் படிவம் ஒன்றை வாட்ஸ்அப் குழுக்களில் பகிர்ந்து 412 பேரின் விடைகளைப் பெற்றுவிட்டேன். ஒரு பானை சோற்றுக்கு ஒரு சோறு பதம் என்கிறபோது 412 தாராளமாகப் போதும்தானே?

பதில்: உங்களிடம் உள்ளது பெரும்பாலும் கிரெஜ்சி, மார்கன் ஆகிய இருவர் 1970-இல் வெளியிட்ட அட்டவணையாக இருக்கும். முழுமைத் தொகுதியில், அதாவது ஆய்வுக்குரிய மக்கள் அனைவரும் அடங்கிய கூட்டத்தில், 1,000 பேர் இருந்தால் 278, 10,000 பேர் இருந்தால் 370, 10 லட்சம் பேர் இருந்தால் 384 என்று அது சொல்கிறது. தொகுதி ஆயிரம் மடங்கு பெருகியும் மாதிரி நூற்றுச் சொச்சம் பேர்தான் கூடுகிறது என்பது வியப்பாகத் தோன்றினாலும் கணக்கு சரியானதே. தொகுதி மாதிரியைவிடப் பல மடங்கு பெரியதாக இருக்கும் வரை, எத்தனை பேரைத் தேர்ந்தெடுத்தோம் என்பதே துல்லியத்தைத் தீர்மானிக்கிறது. எவ்வளவு பெரிய கூட்டத்திலிருந்து தேர்ந்தெடுத்தோம் என்பதற்கு அதில் ஏறக்குறைய பங்கே இல்லை.

ஆனால் அந்த 384 சில நிபந்தனைகளோடு பிறந்த எண். தொகுதியிலுள்ள ஒவ்வொருவருக்கும் தேர்வாகும் வாய்ப்பு சமமாக இருக்க வேண்டும். நீங்கள் அளப்பது ஒரு விகிதமாக இருக்க வேண்டும். 95 விழுக்காடு நம்பிக்கை நிலையில், அதாவது நூறு முறை மாதிரி எடுத்தால் ஏறத்தாழ 95 முறை, விடை உண்மையிலிருந்து ஐந்து விழுக்காட்டுப் புள்ளிக்குள் முன்பின் இருந்தால் பரவாயில்லை என்று நீங்கள் ஏற்க வேண்டும். முதல் நிபந்தனை உங்கள் ஆய்வில் நிறைவேறவில்லை. உங்கள் படிவம் யாரைச் சென்றடைந்தது, சென்றடைந்தவர்களில் யார் நிரப்பாமல் விட்டார்கள் என்பது உங்களுக்கே தெரியாதபோது, 412-ஐ 4,120 ஆக்கினாலும் அந்த அறியாமை அப்படியே இருக்கும். பழமொழியையும் இந்த இடத்தில் கவனமாகப் படிக்க வேண்டும். பானை முழுவதும் ஒரே சீராக வெந்திருந்தால்தான் ஒரு சோறு பதம் சொல்லும். சமூகம் அப்படிச் சீராக வெந்த பானை அன்று.

இதற்கு 1936-ஆம் ஆண்டு அமெரிக்கக் குடியரசுத் தலைவர் தேர்தலைவிடத் தெளிவான சான்று இல்லை. லிட்டரரி டைஜஸ்ட் என்னும் இதழ் ஏறத்தாழ ஒரு கோடிப் பேருக்கு மாதிரி வாக்குச் சீட்டுகளை அனுப்பியது. 20 லட்சத்துக்கும் மேற்பட்டவை நிரப்பப்பட்டுத் திரும்பி வந்தன. குடியரசுத் தலைவர் ரூஸ்வெல்ட்டை எதிர்த்து நின்ற லாண்டன் வெல்வார் என்று இதழ் அறிவித்தது. நடந்த தேர்தலிலோ ரூஸ்வெல்ட் 48 மாநிலங்களில் 46-ஐக் கைப்பற்றினார். பெயர்களில் பெரும்பகுதி தொலைபேசிப் பட்டியலிலிருந்தும் கார் உரிமையாளர் பதிவுகளிலிருந்தும் எடுக்கப்பட்டவை. பொருளாதார வீழ்ச்சியில் நாடு துவண்டிருந்த அந்த நாளில் தொலைபேசியும் காரும் வைத்திருந்தவர்கள் பொதுமக்களின் சரியான பிரதிநிதிகள் அல்லர். அதோடு, சீட்டைத் திருப்பி அனுப்பியவர்களின் மனநிலையும் அனுப்பாதவர்களின் மனநிலையும் வேறுவேறாக இருந்தன. இந்த இரண்டாவது காரணம் பாடநூல்களில் அதிகம் பேசப்படுவதில்லை. இணையப் படிவங்களின் காலத்தில் நமக்கு இன்னும் நெருக்கமான எச்சரிக்கை அதுதான்.

நீங்கள் செய்யக்கூடியவை இரண்டு. ஒன்று, இருக்கும் தரவையே வைத்துக்கொண்டு, இது வசதி மாதிரி (எளிதில் கிடைத்தவர்களைக் கொண்ட மாதிரி) என்று ஆய்வேட்டில் வெளிப்படையாக எழுதி, முடிவுகளை விடையளித்தவர்களோடு நிறுத்திக்கொள்வது. அப்போது பிழை வரம்பு (விடை எவ்வளவு முன்பின் இருக்கலாம் என்ற அளவு) கணக்கிட்டு எழுதுவதற்கு இடமில்லை. மற்றொன்று, உங்கள் தொகுதிக்கு ஒரு முழுமையான பெயர்ப் பட்டியல் கிடைக்குமானால், அதிலிருந்து 150 பேரைச் சமவாய்ப்பு முறையில் (குலுக்கல் போல, யாருக்கும் முன்னுரிமை இல்லாமல்) எடுத்து, விடையளிக்காதவர்களிடம் மூன்று நான்கு முறையேனும் திரும்பத் திரும்பச் செல்வது. 150 பேர் என்றால் பிழை வரம்பு எட்டு விழுக்காட்டுப் புள்ளியாக விரியும், உண்மைதான். ஆனாலும் அளவு தெரிந்த எட்டுக்கும் அளவே தெரியாத பிழைக்கும் இடையில் தேர்ந்தெடுக்கச் சொன்னால், நான் தயங்காமல் அந்த 150 பேரைத் தேர்ந்தெடுப்பேன்.

கேள்வி: வேறு மொழியில் உள்ள வினாநிரல் ஒன்றைத் தமிழாக்கிப் பயன்படுத்தப் போகிறேன். மொழிபெயர்ப்பு சரியாக இருந்தால் போதுமா? வேறு எதையேனும் கவனிக்க வேண்டுமா?

பதில்: வினாவின் ஒரு சொல் மாறினால் விடை எவ்வளவு மாறும் என்பதை 1941-இல் டொனால்டு ரக் என்னும் ஆய்வாளர் வெளியிட்ட முடிவு காட்டுகிறது. மக்களாட்சிக்கு எதிரான மேடைப் பேச்சுகளை அரசு தடை செய்ய வேண்டுமா என்று ஒரு குழுவினரிடம் கேட்டபோது, வேண்டும் என்றவர்கள் 46 விழுக்காட்டினர். அத்தகைய பேச்சுகளை அனுமதிக்கலாமா என்று மற்றொரு குழுவினரிடம் கேட்டபோது, கூடாது என்றவர்கள் 62 விழுக்காட்டினர். அனுமதிக்காமல் இருப்பதும் தடை செய்வதும் பொருளில் ஒன்றேதான். ஆனால் தடை என்ற சொல்லின் கடுமை பலரைப் பின்வாங்கச் செய்துவிட்டது. ஒரே மொழிக்குள்ளேயே இப்படி என்றால், மொழி மாறும்போது எவ்வளவு கவனம் வேண்டும் என்று எண்ணிப் பாருங்கள். தமிழாக்கத்தை, மூலத்தைப் பார்த்திராத ஒருவரிடம் கொடுத்து மீண்டும் மூல மொழிக்கே பெயர்க்கச் சொல்லி ஒப்பிடுவது வழக்கமான முதல் சோதனை. அது தேவைதான், ஆனால் போதுமானது அன்று.

தமிழுக்கே உரிய ஒரு சிக்கலை இங்கே சொல்ல வேண்டும். இதைப் பற்றி நம் ஆய்வேடுகள் ஏனோ பேசுவதே இல்லை. வினாநிரலை நாம் எழுத்துத் தமிழில் அச்சிடுகிறோம். களத்தில் அதை அப்படியே வாசித்தால் எதிரே இருப்பவர் தேர்வு எழுதுவதைப் போல இறுகிவிடுகிறார். அதனால் நேர்காண்பவர் அந்தக் கணத்திலேயே அதைப் பேச்சுத் தமிழுக்கு மாற்றிக் கேட்கிறார். ஐந்து பேர் களத்துக்குச் சென்றால் ஐந்து விதமான வினாக்கள் கேட்கப்படுகின்றன. அட்டவணையில் மட்டும் அவை ஒரே வினாவாக அமர்ந்துகொள்கின்றன. ஆகவே, கேட்கப்போகும் பேச்சு வடிவத்தையே வினாவுக்குக் கீழே எழுதி, அனைவரும் அதையே சொல்ல வேண்டும் என்று பயிற்சி கொடுங்கள். எழுதக் கூச்சமாக இருந்தாலும் எழுதுங்கள்.

முன்னோட்ட ஆய்வில் பதினைந்து, இருபது பேரிடம் வினாவைக் கேட்டுவிட்டு, "நான் கேட்டதை நீங்கள் எப்படிப் புரிந்துகொண்டீர்கள்?" என்றும் கேளுங்கள். ‘ஆசிரியர் தெளிவாகவும் பொறுமையாகவும் கற்பிக்கிறாரா?’ என்பதில் இரண்டு வினாக்கள் ஒட்டிக்கொண்டிருப்பதும், ‘உங்கள் குடும்பத்தில் எத்தனை பேர்?’ என்பதற்கு ஒருவர் ஒரே அடுப்பில் உண்பவர்களையும் மற்றொருவர் தனியே வாழும் அண்ணன் தம்பிகளையும் சேர்த்து எண்ணுவதும் அப்போதுதான் வெளிப்படும்.

கேள்வி: 18 பேரை மட்டும் ஆழமாக நேர்காணல் செய்துள்ளேன். இதை வைத்து எதையும் பொதுமைப்படுத்த முடியாது, இது ஆய்வே அல்ல என்று துறையில் ஒருவர் கூறினார். மனம் தளர்ந்துவிட்டேன்.

பதில்: தளர வேண்டாம். எத்தனை விழுக்காட்டினர் இப்படி நினைக்கிறார்கள் என்பது உங்கள் கேள்வியாக இருந்தால், அவர் சொன்னது சரி. 18 பேரால் அதற்கு விடை சொல்ல முடியாது. ஒரு முடிவை மக்கள் எப்படி வந்தடைகிறார்கள், அதற்கு என்ன காரணம் கற்பிக்கிறார்கள், எங்கே தயங்குகிறார்கள் என்பது உங்கள் கேள்வியானால், ஆயிரம் பேர் நிரப்பிய படிவம்கூட அந்த 18 உரையாடல்களுக்கு ஈடாகாது.

கிளேசர், ஸ்ட்ராஸ் ஆகிய சமூகவியலாளர்கள் 1967-இல் முன்வைத்த நிறைவுநிலை என்ற கருத்தை அறிந்திருப்பீர்கள்: அடுத்தடுத்த நேர்காணல்கள் புதிய கருத்து வகை எதையும் தராத கட்டத்தில் நிறுத்தலாம் என்பது அது. மேற்கு ஆப்பிரிக்காவில் 60 பெண்களிடம் எடுத்த நேர்காணல்களை ஆராய்ந்த கெஸ்ட் முதலியோர், பெரும்பாலான கருத்து வகைகள் முதல் 12 நேர்காணல்களுக்குள்ளேயே வந்துவிட்டதை 2006-இல் காட்டினார்கள். ஆனால் அந்தப் பெண்கள் ஓரளவு ஒத்த சூழலில் இருந்தவர்கள். கேட்கப்பட்டவையும் ஒரே வகை வினாக்கள். உங்கள் 18 பேரில் முதியவரும் இளையவரும், வேலையில் இருப்பவரும் இழந்தவரும் கலந்திருந்தால், 12 என்ற எண்ணைக் கேடயமாகப் பிடிக்க வேண்டாம். எந்த நேர்காணலில் எந்தக் கருத்து முதன்முதலாக வந்தது என்று ஒரு பட்டியல் தயாரியுங்கள். கடைசி நான்கு நேர்காணல்களில் புதிதாக ஒன்றும் இல்லை என்பதை அந்தப் பட்டியலே காட்டினால், வாய்மொழித் தேர்வில் நீங்கள் நிமிர்ந்து நின்று பதில் சொல்லலாம். காட்டவில்லை என்றால், மீண்டும் களத்துக்குச் செல்லுங்கள். உங்கள் விளக்கத்துக்கு ஒத்துவராத ஒருவரையேனும் தேடிச் சென்று கேட்பது எனக்கு மிகவும் பிடித்த சோதனை.

கேள்வி: என் கருதுகோள் (ஆய்வுக்கு முன் நான் எதிர்பார்த்த முடிவு) நிரூபணமாகவில்லை. முடிவுக்கு ஏற்பக் கருதுகோளை மாற்றி எழுதிக்கொள்ளலாமா? எல்லோரும் அப்படித்தான் செய்கிறார்கள் என்கிறார்கள்.

பதில்: கூடாது. தரவைப் பார்த்த பிறகு தோன்றிய எண்ணத்தை, தரவுக்கு முன்பே இருந்த கருதுகோள்போல எழுதுவது வாசகரை ஏமாற்றுவதாகும். புதிய எண்ணத்தை எழுதுங்கள். ஆனால் அது பின்னர் தோன்றியது, வேறொரு தரவில் சோதிக்கப்பட வேண்டியது என்று சேர்த்து எழுதுங்கள். கருதுகோள் பொய்த்தது என்பதும் ஒரு கண்டுபிடிப்பே.

கேள்வி: ஒவ்வொருவரையும் கேட்க எனக்கு வசதியில்லை. மாவட்ட வாரியான அரசுப் புள்ளிவிவரங்களை வைத்துக் கல்விக்கும் இடப்பெயர்வுக்கும் உள்ள தொடர்பை ஆராயலாமா?

பதில்: தாராளமாக ஆராயலாம், மாவட்டங்களைப் பற்றி மட்டும் முடிவு சொல்வதாக இருந்தால். மாவட்டங்களை ஒப்பிட்டுவிட்டு, கடைசி இயலில் தனி மனிதர்களைப் பற்றிப் பேசத் தொடங்குவதுதான் வழக்கமான சறுக்கல். 1950-இல் ராபின்சன் என்னும் சமூகவியலாளர் எழுதிய கட்டுரையை நெறியாளரிடம் கேட்டு வாங்கிப் படியுங்கள். 1930-ஆம் ஆண்டு அமெரிக்க மக்கள்தொகைக் கணக்கெடுப்பில், வெளிநாட்டில் பிறந்தவர்கள் அதிகம் வாழ்ந்த மாநிலங்களில் எழுத்தறிவின்மை குறைவாக இருந்தது. இதிலிருந்து, வெளிநாட்டில் பிறந்தவர்கள் எழுத்தறிவில் மேம்பட்டவர்கள் என்று யாரும் முடிவு கட்டிவிடலாம். ஆனால் தனி மனிதர் அளவில் பார்த்தபோது நிலைமை தலைகீழாக இருந்தது. அவர்களிடையேதான் எழுத்தறிவின்மை சற்று அதிகம். குடியேறியவர்கள், உள்ளூர் மக்கள் நன்றாகப் படித்திருந்த மாநிலங்களைத் தேடிச் சென்று வாழ்ந்ததே இந்த முரணுக்குக் காரணம்.

உங்கள் ஆய்விலும் இது அப்படியே நேரலாம். கல்வி மிகுந்த மாவட்டத்திலிருந்து பலர் வெளியேறுகிறார்கள் என்று புள்ளிவிவரம் காட்டினால், வெளியேறுபவர்கள் படித்தவர்களா, அல்லது படித்தவர்கள் நிறைந்த இடத்தில் வேலை கிடைக்காத படிக்காதவர்களா என்பதை அந்த எண்ணால் சொல்ல முடியாது. ஆய்வுத் தலைப்பிலேயே ‘மாவட்டங்களுக்கிடையிலான ஒப்பீடு’ என்று எழுதிவிடுங்கள். நேரம் இருந்தால், இரண்டே இரண்டு மாவட்டங்களில் வெளியேறிய குடும்பங்கள் சிலவற்றை நேரில் சந்தித்து, யார் போனார், என்ன படித்திருந்தார், யார் தங்கிவிட்டார் என்று கேட்டு எழுதிவையுங்கள்.